ஒலித் தோட்டத்துக் கிட்டார்காரர்

பாடகர் இறந்த பிறகு குழுவின் பெயரை எடுத்துப் பூட்டி வைத்துவிட்டார்!

ஆடி மாதம் பிறந்துவிட்டால் கள்ளக்குறிச்சி வட்டாரத்தில் ஊருக்கு ஊர் திருவிழாதான். வடக்கனந்தலானாலும் சரி, கச்சிராயபாளையமானாலும் சரி, இரவில் மேடை போட்டு மெல்லிசைக் கச்சேரி நடக்கும். கல்வராயன் மலை அடிவாரம் வரை மைக் செட் முழங்கும்.

கூட்டம் யாரைப் பார்க்கும்? பாடுகிறவரைப் பார்க்கும்.

மேடையின் ஓரத்தில் ஒரு வாலிபர் நின்றுகொண்டிருப்பார். தோளில் கிட்டார் தொங்கும். விளக்கு வெளிச்சம் அவர் மீது பாதிதான் விழும். பாட்டுக்கு நடுவே அவர் தந்தியை மீட்டினால் சிறுவர்கள் கை தட்டுவார்கள். அவர் பெயர் என்ன என்று கேட்டால், ஊரில் பத்துப் பேருக்குக்கூடத் தெரியாது.

சினிமாவிலும் இதே கதைதான். 1982-ம் ஆண்டு வந்த "பயணங்கள் முடிவதில்லை" படத்தில் நிலாவைப் பற்றிய பாட்டு ஒன்று உண்டு. இளையராஜா இசை. பாடியவர் எஸ்.பி. பாலசுப்பிரமணியம். இது எல்லோருக்கும் தெரியும். அந்தப் பாட்டின் உயிரே கிட்டார்தான். அதை வாசித்தவர் ஆர். சந்திரசேகர். இந்தப் பெயரை எத்தனை பேர் கேள்விப்பட்டிருக்கிறோம்?

அப்படி மேடை ஓரத்தில் நின்ற ஒருவரின் கதைதான் இது. அவர் நின்ற மேடை அமெரிக்காவில். அவருடைய பெற்றோரோ நமக்குப் பக்கத்தில் உள்ள கேரளத்தைச் சேர்ந்தவர்கள்.

அவர் பெயர் கிம் தையில்.

நடுப்பெயர் ஆனந்த்

முழுப்பெயர் கிம் ஆனந்த் தையில். தையில் என்பது மலையாள நாட்டுக் குடும்பப் பெயர்.

1960-ம் ஆண்டு செப்டம்பர் 4-ந் தேதி அமெரிக்காவின் வடமேற்கு மூலையில் உள்ள சியாட்டில் நகரில் பிறந்தார். தந்தை ரசாயனம் படித்தவர். தாயார் சங்கீத ஆசிரியை. லண்டனில் உள்ள ராயல் அகாடமி என்ற பெரிய இசைப் பள்ளியில் பயின்றவர்.

தாய் சங்கீத ஆசிரியை என்றால், பிள்ளை ஒழுங்காகப் பாடம் கேட்டு, பியானோ வாசித்து, பரிசு வாங்கியிருப்பான் என்றுதான் நாம் நினைப்போம். கிம் அப்படிச் செய்யவில்லை. அவர் காது வேறு பக்கம் திரும்பியது.

குடும்பம் சிகாகோ நகரத்துக்குத் தெற்கே உள்ள பார்க் பாரஸ்ட் என்ற சிற்றூருக்குக் குடிபோயிற்று. அங்கேதான் கிம் வளர்ந்தார். ஊரிலும் பள்ளிக்கூடத்திலும் அவரைப் போன்ற நிறமும் பெயரும் உள்ளவர்கள் அதிகம் இல்லை. அந்தக் காலத்து ராக் இசை மேடைகளிலும் இல்லை. இங்கிலாந்தின் "குயீன்" குழுவில் பாடிய பிரெடி மெர்க்குரி பார்சி குடும்பத்தில் பிறந்து, நம் நாட்டுப் பஞ்சகனியில் படித்தவர். அவரை விட்டால் வேறு யாரைச் சொல்வது?

கிம் முகத்தில் பூச்சுப் பூசிக்கொண்டு ஆடும் "கிஸ்" என்ற குழுவின் பாட்டுகளைக் கேட்டார். பிறகு "எம்.சி.5" என்ற குழுவின் பாட்டுகளைக் கேட்டார். எம்.சி.5 குழுவினரின் கிட்டார் சத்தம் காதைப் பிளக்கும். பையனுக்கு அதுதான் பிடித்தது.

சங்கீத ஆசிரியையான தாயார் அதை எப்படிப் பொறுத்துக்கொண்டாரோ!

இரண்டு பள்ளித் தோழர்கள்

பார்க் பாரஸ்ட் பள்ளிக்கூடத்தில் கிம்முக்கு இரண்டு தோழர்கள் கிடைத்தார்கள். ஒருவர் ஹிரோ யமமோட்டோ. ஜப்பானிய வம்சாவளியினர். இன்னொருவர் புரூஸ் பேவிட்.

புரூஸ் முதலில் ஊரை விட்டுக் கிளம்பினார். சியாட்டிலுக்கு அருகே உள்ள ஒலிம்பியா என்ற ஊரில் கல்லூரியில் சேர்ந்தார். 1981-ம் ஆண்டு கிம்மும் ஹிரோவும் அதே திசையில் புறப்பட்டார்கள். மூவாயிரம் கிலோமீட்டருக்கு மேற்பட்ட பயணம். பிறந்த ஊருக்கே கிம் திரும்பி வந்துவிட்டார்.

சியாட்டிலில் உள்ள வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து தத்துவப் பாடத்தில் பட்டம் பெற்றார். படிக்கும்போதே மாணவர் ரேடியோவில் இசைத்தட்டுப் போடும் வேலையும் பார்த்தார்.

அந்தச் சமயத்தில் சியாட்டிலில் கிறிஸ் கார்னெல் என்ற வாலிபர் இருந்தார். கிம்மைவிட நான்கு வயது இளையவர். மீன் உணவு விடுதி ஒன்றில் வேலை பார்த்து வந்தார். டிரம் வாசிப்பார். பாடுவார். அவர் குரல் இருக்கிறதே, அது அடி வயிற்றிலிருந்து புறப்பட்டு உச்சிக்குப் போய் அங்கேயே நிற்கும் குரல்.

1984-ம் ஆண்டு கிறிஸ், ஹிரோ, கிம் ஆகிய மூவரும் சேர்ந்து ஒரு குழுவை ஆரம்பித்தார்கள்.

காற்று வாசிக்கும் குழாய்கள்

குழுவுக்கு அவர்கள் வைத்த பெயர் "சவுண்ட்கார்டன்". தமிழில் சொன்னால் ஒலித் தோட்டம்.

அந்தப் பெயர் எங்கிருந்து வந்தது தெரியுமா?

சியாட்டிலில் வாஷிங்டன் ஏரி என்று ஒரு பெரிய ஏரி உண்டு. அதன் கரையில் டக்ளஸ் ஹாலிஸ் என்ற சிற்பி உருவாக்கிய சிற்பம் ஒன்று நிற்கிறது. சிலை அல்ல. 12 உயரமான இரும்புக் கோபுரங்கள். ஒவ்வொன்றின் உச்சியிலும் குழாய்கள் தொங்குகின்றன. ஏரிக் காற்று வீசும்போது குழாய்கள் ஊளையிடும், முனகும், பாடும். வாசிப்பதற்கு ஆளே வேண்டாம். காற்றே வித்வான்!

கல்வராயன் மலைப் பக்கம் மூங்கில் புதருக்குள் காற்றுப் புகுந்து விசில் அடிப்பதைக் கேட்டவர்களுக்கு இது நன்றாகப் புரியும்.

பெயர் நன்றாக இருந்தது. ஆனால் சாப்பாட்டுக்கு வழி வேண்டுமே! குழுவில் இருந்தவர்கள் பகலில் வேறு வேலை பார்த்தார்கள். இரவில் சிறிய விடுதிகளில் வாசித்தார்கள். 1986-ம் ஆண்டு மாட் கேமரன் என்ற கைதேர்ந்த டிரம் கலைஞர் வந்து சேர்ந்தார். கிறிஸ் டிரம் வாசிப்பதை ஏற்கனவே விட்டுவிட்டு முழு நேரமும் பாடிக்கொண்டிருந்தார்.

ஒரு யோசனை, ஒரு புரட்சி

கிம் வாசித்த கிட்டாரைப் பற்றிச் சொல்வதற்கு முன்னால், அவர் சொன்ன ஒரு யோசனையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

பழைய தோழர் புரூஸ் பேவிட் "சப் பாப்" என்ற பெயரில் ஒரு சின்னப் பத்திரிகை நடத்தி வந்தார். அதே பெயரில் இசைத்தட்டு வெளியிட வேண்டும் என்று அவருக்கு ஆசை. கையில் பணம் இல்லை.

ஜோனதன் பொனமன் என்று இன்னொருவர். இவருக்குச் சவுண்ட்கார்டன் பாட்டுகள் பிடித்துப்போயின. இசைத்தட்டு வெளியிடப் பணம் போடத் தயாராக இருந்தார். தொழில் தெரியவில்லை.

"நீங்கள் இருவரும் சேர்ந்து செய்யுங்களேன்" என்று வழிகாட்டியவர் கிம்.

பொனமன் 20 ஆயிரம் டாலர் போட்டார். கம்பெனி பிறந்தது. 1987-ம் ஆண்டு சவுண்ட்கார்டனின் இசைத்தட்டு வந்தது. இரண்டு ஆண்டுகள் கழித்து, 1989-ல் அதே கம்பெனி "நிர்வாணா" என்ற குழுவின் முதல் தொகுப்பை வெளியிட்டது. அந்த நிர்வாணா பிறகு உலகத்தையே ஆட்டி வைத்தது. சியாட்டில் நகரத்து இசைக்கு "கிரஞ்ச்" என்று பெயர் விழுந்தது. கிரஞ்ச் என்றால் அழுக்கு, கசடு. கசடு நிறைந்த சத்தம் என்பதால் அந்தப் பெயர்.

சிகாகோ பக்கத்துப் பள்ளித் தோழர்களின் பழக்கம் எங்கே போய் முடிந்தது பாருங்கள்! 

ச - ப - ச

இனி கிட்டாருக்கு வருவோம்.

கிட்டாரில் ஆறு தந்திகள். தடித்த தந்தி மேலே, மெல்லிய தந்தி கீழே. ஒவ்வொன்றையும் எந்தச் சுருதியில் முறுக்க வேண்டும் என்று உலகம் முழுவதும் ஒரு வழக்கம் இருக்கிறது.

சவுண்ட்கார்டன் குழுவினர் அதை மாற்றினார்கள். சியாட்டில் வட்டாரத்தில் மெல்வின்ஸ் என்ற குழுவை நடத்திய பஸ் ஆஸ்போர்ன் காட்டிக்கொடுத்த வித்தை அது. தடித்த தந்தியை ஒரு முழுச் சுரம் தளர்த்திவிடுவது.

தளர்த்தினால் என்ன ஆகும்?

தடித்த மூன்று தந்திகளும் ச - ப - ச என்று நிற்கும். நம் தம்பூராவில் கேட்கிறோமே, அதே சட்ஜமமும் பஞ்சமமும்தான். ஒரே விரலை மூன்று தந்திகளின் மீதும் படுக்க வைத்து அழுத்தினால் போதும். கனத்த நாதம் கிளம்பும். கீழ்த் தந்தி ஓயாமல் ரீங்காரம் செய்துகொண்டிருக்க, மேலே ராகம் போல ஒன்று நெளிந்து ஓடும்.

நாதஸ்வரக் கச்சேரியில் ஒத்து ஊதுகிறவர் ஒரே சுரத்தைப் பிடித்துக்கொண்டு நிற்பார். அவர் நிறுத்திவிட்டால் கச்சேரி அனாதையாகிவிடும். கிம்மின் கிட்டாரில் ஒத்தும் உண்டு, நாயனமும் உண்டு.

இது இந்திய ரத்தத்தின் வேலை என்று சிலர் எழுதினார்கள். எனக்கு அதில் அவ்வளவு நம்பிக்கை இல்லை. சுருதி தளர்த்தும் வித்தையைக் காட்டிக்கொடுத்தவர் ஆஸ்போர்ன். சத்தத்தின் மீது ஆசை வைத்தது எம்.சி.5 போன்ற குழுக்களைக் கேட்டு. ரத்தம் தானாகவே சங்கீதம் கற்றுக்கொடுக்கும் என்றால், நம் வித்வான்களின் பிள்ளைகள் எல்லோரும் வித்வான்களாகி இருக்க வேண்டாமா? காது எதைக் கேட்டதோ, கை எவ்வளவு உழைத்ததோ அதுதான் கணக்கு.

மைக் செட்காரர் பயப்படும் சத்தம்

திருவிழா மேடையில் திடீரென்று ஒலிபெருக்கி "கூ...ய்" என்று கத்தும். எல்லோரும் காதைப் பொத்திக்கொள்வார்கள். மைக் செட்காரர் விழுந்தடித்து ஓடி வந்து சத்தத்தைக் குறைப்பார்.

அது ஏன் கத்துகிறது? ஒலிபெருக்கியில் இருந்து வரும் சத்தம் மறுபடியும் மைக்குக்குள் புகுகிறது. மைக் அதை மறுபடியும் ஒலிபெருக்கிக்கு அனுப்புகிறது. சுற்றிச் சுற்றி வந்து சத்தம் பெருத்துவிடுகிறது.

மின்சாரக் கிட்டாரிலும் இப்படி நடக்கும். அதன் தந்திகள் எஃகினால் ஆனவை. தந்திகளுக்கு அடியில் காந்தமும் அதைச் சுற்றிய செம்புக் கம்பியும் இருக்கும். தந்தி அதிர்ந்தால் கம்பியில் மிகச் சிறிய மின்சாரம் உண்டாகும். அதைப் பெட்டி ஒன்று பெரிதாக்கிச் சத்தமாக வெளியிடும். பெட்டிக்கு முன்னால் கிட்டாரோடு போய் நின்றால், வெளியே வரும் சத்தமே தந்தியை உலுக்கும். விரல் படாமலே தந்தி பாடத் தொடங்கும்.

மற்றவர்கள் பயந்து ஓடும் அந்தச் சத்தத்தைக் கிம் பக்கத்தில் போய் நின்று வாசித்தார்! எவ்வளவு தூரத்தில் நிற்பது, எந்தப் பக்கம் திரும்புவது, எந்தத் தந்தியைக் கையால் மூடுவது என்று பழகிப் பழகி, அந்த ஊளையை அடக்கி வைத்தார். தந்திகளைத் தாங்கும் பாலத்துக்குப் பின்னால் ஒரு துண்டுத் தந்தி வீணாகக் கிடக்கும். அதையும் சுண்டி வாசித்தார். மணி குலுங்குவது போலச் சத்தம் வரும்.

கையில் இருந்தது கில்டு என்ற கம்பெனியின் எஸ்-100 கிட்டார். இளம் வயதில் வாங்கியது. புகழ் பெற்ற கலைஞர்கள் வைத்திருக்கும் விலை உயர்ந்த ரகம் அல்ல. பேரும் பணமும் வந்த பிறகும் அதையே வாசித்தார். பிற்காலத்தில் அந்தக் கம்பெனி அவர் பெயரிலேயே அந்தக் கிட்டாரை வெளியிட்டது.

தவில்காரருக்குப் புரியும்

ராக் பாட்டுகள் பெரும்பாலும் நான்கு நான்காக எண்ணும் தாளத்தில் போகும். கால் தட்டிக்கொண்டு கேட்கலாம்.

சவுண்ட்கார்டன் பாட்டுக்குக் கால் தட்டிப் பாருங்கள். கால் இடறும்! "அவுட்ஷைன்ட்" என்ற பாட்டும், "ஸ்பூன்மேன்" என்ற பாட்டின் பெரும்பகுதியும் ஏழு எண்ணிக்கையில் போகின்றன. "மை வேவ்" என்ற பாட்டு ஐந்தில் நடக்கிறது. அமெரிக்க ரசிகர்கள் ஆச்சரியப்பட்டார்கள். நம் ஊர்த் தவில்காரர் ஆச்சரியப்பட மாட்டார். ஏழு என்றால் மிஸ்ரம், ஐந்து என்றால் கண்டம் என்று சொல்லிவிட்டு வெற்றிலை போடுவார்.

வேடிக்கை என்னவென்றால், இதையெல்லாம் கணக்குப் போட்டுச் செய்யவில்லை, தானாக வந்து விழுந்தது என்றே கிம் சொல்லியிருக்கிறார்.

"ஸ்பூன்மேன்" என்றால் கரண்டிக்காரர். சியாட்டில் தெருக்களில் ஆர்ட்டிஸ் என்ற கலைஞர் கரண்டிகளைத் தட்டி வாசித்துப் பிழைத்து வந்தார். அவரைப் பற்றிய பாட்டு அது. அவரையே கூப்பிட்டுப் பாட்டில் கரண்டி வாசிக்க வைத்தார்கள்.

உச்சிக்குப் போனார்கள்

1989-ம் ஆண்டு ஏ அண்டு எம் என்ற பெரிய கம்பெனி அவர்களை எடுத்துக்கொண்டது. சியாட்டில் கிரஞ்ச் குழுக்களில் பெரிய கம்பெனிக்குப் போன முதல் குழு இதுதான். அதே ஆண்டில் தோழர் ஹிரோ மறுபடியும் படிக்கப் போகிறேன் என்று விலகினார். அவர் இடத்துக்கு 1990-ல் பென் ஷெப்பர்டு வந்தார்.

1991-ல் ஒரு தொகுப்பு. 1994-ம் ஆண்டு மார்ச் 8-ந் தேதி "சூப்பர்அன்நோன்" என்ற தொகுப்பு. முதல் வாரத்திலேயே 3 லட்சத்துக்கு மேல் விற்றது. அமெரிக்க விற்பனைப் பட்டியலில் நேராக முதல் இடத்தில் போய் உட்கார்ந்தது. அமெரிக்காவில் மட்டும் 50 லட்சத்துக்கு மேல் விற்றது. 1995-ல் இரண்டு கிராமி விருதுகள்.

அந்த ஆண்டுகளின் பத்திரிகைப் படங்களை எடுத்துப் பாருங்கள். நடுவில் கிறிஸ். ஓரத்தில் கறுத்த தாடியோடு ஒருவர்.

2003-ம் ஆண்டு "ரோலிங் ஸ்டோன்" பத்திரிகை உலகத்தின் தலைசிறந்த 100 கிட்டார் கலைஞர்கள் என்று ஒரு பட்டியல் போட்டது. முதல் இடம் ஜிமி ஹெண்ட்ரிக்ஸ். அவரும் சியாட்டிலில் பிறந்தவர். கிம்முக்கு எந்த இடம் தெரியுமா? நூறாவது இடம். பட்டியலின் இரு முனைகளிலும் ஒரே ஊர்க்காரர்கள்!

ஹவாய்த் தீவில் முறிந்தது

புகழ் வந்தால் பூசலும் வரும். கிறிஸ் மெல்லிய கிட்டார் ஒலியை நாடினார். கிம்முக்குக் கனத்த சத்தம்தான் பிரியம். 1996-ல் வந்த தொகுப்பில் கிம் எழுதிய பாட்டு ஒன்றே ஒன்றுதான்.

1997-ம் ஆண்டு பிப்ரவரி 9-ந் தேதி ஹவாய்த் தீவில், ஹோனலூலு நகரில் கச்சேரி. பென் ஷெப்பர்டின் கருவி பழுதாயிற்று. அவர் ஆத்திரத்தில் கிட்டாரை வீசிவிட்டு மேடையை விட்டுப் போனார். இரண்டு மாதம் கழித்து, ஏப்ரல் 9-ந் தேதி, குழு கலைந்தது என்று அறிவிப்பு வந்தது.

கிறிஸ் தனியாகப் பாடினார். பிறகு வேறு குழுவில் சேர்ந்தார். மாட் கேமரன் "பேர்ல் ஜாம்" குழுவுக்குப் போனார். கிம் மட்டும் பெரிய குழு எதிலும் போய் ஒட்டிக்கொள்ளவில்லை.

ஒரு தடவை மட்டும் அவர் பெயர் செய்தியில் அடிபட்டது. 1999-ம் ஆண்டு சியாட்டிலில் உலக வர்த்தக அமைப்பின் மாநாடு நடந்தது. விவசாயிகள், தொழிலாளர்கள் என்று பல்லாயிரம் பேர் தெருவில் இறங்கி எதிர்த்தார்கள். கண்ணீர்ப் புகை, ஊரடங்கு என்று நகரமே கொந்தளித்தது. அந்த நாட்களில் கிம் சில கலைஞர்களோடு சேர்ந்து, மாநாட்டை எதிர்த்து மேடையில் கிட்டார் வாசித்தார்.

பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து

2010-ம் ஆண்டு புத்தாண்டு நாளில் கிறிஸ் ஒரு செய்தி வெளியிட்டார். சவுண்ட்கார்டன் மறுபடியும் கூடுகிறது!

ஏப்ரல் மாதம் சியாட்டிலில் ஒரு சிறிய அரங்கில் முதல் கச்சேரி. கூட்டத்துக்குப் பயந்து வேறு பெயரில் விளம்பரம் செய்தார்கள். "நியூட் டிராகன்ஸ்" என்று. ஆங்கிலத்தில் சவுண்ட்கார்டன் என்ற பெயரின் எழுத்துகளை இடம் மாற்றிப் போட்டால் இந்தப் பெயர் வரும். அதற்கு அர்த்தம் கேட்காதீர்கள், குழந்தைகளும் படிக்கிறார்கள்! இந்தப் பெயரை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வேண்டியிருக்கும்.

2012-ல் புதிய தொகுப்பு ஒன்று வந்தது. அடுத்த தொகுப்புக்கான வேலையும் தொடங்கியது.

டெட்ராயிட் இரவு

2017-ம் ஆண்டு மே 17-ந் தேதி. டெட்ராயிட் நகரில் பாக்ஸ் தியேட்டர். கச்சேரி முடிந்தது. அடுத்த கச்சேரி ஒஹையோ மாநிலத்தில்.

விடிவதற்குள் கிறிஸ் கார்னெல் தங்கியிருந்த ஓட்டல் அறையில் இறந்து கிடந்தார். வயது 52. தற்கொலை என்று மரண விசாரணை அதிகாரி முடிவு சொன்னார்.

பல ஆண்டுகளாக மனச்சோர்வோடு போராடி வந்தவர் அவர். அதைப் பற்றி வெளிப்படையாகப் பேசியும் இருக்கிறார். அரங்கம் நிறைய ஆட்கள் கை தட்டிய அதே இரவில் இது நடந்துவிட்டது. (மனம் துவண்டு போகிறவர்கள் தனியாகக் கிடந்து தவிக்க வேண்டாம். தமிழ்நாட்டில் 104 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் ஆலோசனை கிடைக்கும்.)

முப்பத்து மூன்று ஆண்டுப் பழக்கம். கிறிஸை வாலிப வயதில் இருந்து கிம்முக்குத் தெரியும். சண்டை போட்டார்கள், பிரிந்தார்கள், மறுபடியும் சேர்ந்தார்கள்.

இப்போது என்ன செய்வது?

பெயரை எடுக்கவில்லை

இந்தத் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. பாடகர் இறந்துவிட்டால் வேறு பாடகரைத் தேடிப் பிடிப்பார்கள். பழைய பெயரிலேயே ஊர் ஊராகப் போவார்கள். ஏ.சி./டி.சி. குழுவினர் 1980-ல் அப்படித்தான் செய்தார்கள். குயீன் குழுவினரும் பிரெடி மெர்க்குரிக்குப் பிறகு மற்றவர்களைப் பாட வைத்துக் கச்சேரி செய்கிறார்கள். அதில் தப்பு ஒன்றும் இல்லை. வாத்தியக்காரர்களுக்கும் வயிறு உண்டு. ரசிகர்களும் ஆசையோடு வருகிறார்கள்.

கிம் அதைச் செய்யவில்லை. கிறிஸ் இல்லாமல் அந்தப் பெயரில் புதிய குழு இல்லை என்பதை அவர் பேட்டிகளில் தெளிவாகச் சொல்லிவிட்டார். ஏ.சி./டி.சி. போனது போல ஊர்வலம் போயிருந்தால் கோடி கோடியாகக் குவிந்திருக்கும்.

அதற்காகக் கிட்டாரை மூலையில் போட்டுவிட்டு உட்காரவும் இல்லை. 2018-ல், சிறு வயதில் காதைப் பிளந்த அந்த எம்.சி.5 குழுவின் கிட்டார்காரர் வெய்ன் கிரேமர், பழைய பாட்டுகளின் 50-ம் ஆண்டுக்காகக் கச்சேரிப் பயணம் புறப்பட்டார். அவரோடு கிம் போனார். எவருடைய சத்தத்தைக் கேட்டு கிட்டார் எடுத்தாரோ, அவர் பக்கத்திலேயே நின்று வாசித்தார். 2022-ல் நிர்வாணாவின் கிறிஸ்ட் நோவசெலிக், மாட் கேமரன் முதலியவர்களோடு சேர்ந்து வேறு பெயரில் ஒரு தொகுப்பு வெளியிட்டார்.

2024-ம் ஆண்டு டிசம்பரில் ஒரு சம்பவம். சியாட்டிலில் குழந்தைகள் ஆஸ்பத்திரிக்காக நிதி திரட்டும் கச்சேரி. கிம், மாட், பென் மூவரும் மேடை ஏறினார்கள். ஷைனா ஷெப்பர்டு என்ற பெண் பாடினார். வாசித்தவை சவுண்ட்கார்டன் பாட்டுகள்.

குழுவின் பெயர் என்ன போட்டார்கள் தெரியுமா?

"நியூட் டிராகன்ஸ்"!

எழுத்துகள் எல்லாம் அவையே. ஆட்களும் பாட்டுகளும் அவையே. பெயர் மட்டும் அது இல்லை.

ஏழு பாட்டுகள்

கிறிஸ் இறப்பதற்கு முன்னால் புதிய தொகுப்புக்கு வேலை நடந்தது என்று சொன்னேன் அல்லவா? அவர் பாடிப் பதிவு செய்து வைத்த ஏழு பாட்டுகள் மிச்சம் இருந்தன.

அவை யாருக்குச் சொந்தம்? கிறிஸ் தனியாகச் செய்தவை என்றார் மனைவி விக்கி கார்னெல். குழுவுக்காகச் செய்தவை என்றார்கள் மற்ற மூவரும். 2019 டிசம்பரில் வழக்குக் கோர்ட்டுக்குப் போயிற்று. இறந்தவரின் குரலுக்காக, அவரை நேசித்த இரண்டு தரப்பாரும் கோர்ட்டுப் படி ஏறினார்கள். சொத்துத் தகராறு பார்த்த குடும்பங்களுக்கு இந்தக் கசப்பு தெரியும்.

2023 ஏப்ரலில் சமரசம் ஆயிற்று. பாட்டுகள் ரசிகர்களுக்குக் கிடைக்கும்படி செய்வோம் என்று இரு தரப்பாரும் சேர்ந்து அறிவித்தார்கள்.

2025-ம் ஆண்டு நவம்பர் 8-ந் தேதி லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் "ராக் அண்டு ரோல் ஹால் ஆப் பேம்" என்ற புகழ் மண்டபத்தில் சவுண்ட்கார்டன் குழுவைச் சேர்த்துக் கௌரவித்தார்கள். 1989-ல் படிக்கப் போன ஹிரோவும் வந்தார். பார்க் பாரஸ்ட் பள்ளித் தோழர்கள் இருவரும் தலை நரைத்து ஒரே மேடையில் நின்றார்கள். கிறிஸ் கார்னெலின் இரண்டு பெண்களும் வந்திருந்தார்கள். மூத்தவர் லில்லி பேசினார். இளையவர் டோனி தந்தையின் பாட்டு ஒன்றைப் பாடினார்.

அந்த ஏழு பாட்டுகளில் கிறிஸின் குரல் இருக்கிறது. கிட்டார், டிரம் எல்லாம் சேர்த்து முடிக்க வேண்டும். அந்த வேலையில் இறங்கியிருப்பதாக கிம்மும் மாட்டும் 2025-ல் சொன்னார்கள். ஒலிப்பதிவு அறையில் பாடகரின் குரல் பெட்டியில் இருந்து வரும். பக்கத்தில் நின்று, அதற்கேற்றபடி தந்தியைத் தளர்த்திக்கொண்டு வாசிக்க வேண்டியவர் கிம்.

கிறிஸ் பாடியவை என்பதால், அந்தத் தொகுப்புக்குப் பழைய பெயரையே போடலாம்.